நாளைக்குக் கொண்டாந்துடறேன்

எட்டாவது படிக்கும் என் பையன் போன மாதம் ஒரு சனிக்கிழமை காலையில் வந்து நின்றான்.

"அப்பா, கான்ட்ரா ஆடணும். போன்ல வேணாம். நிஜ கேசட்ல, நிஜ மெஷின்ல. யார்கிட்டயாவது இரவல் கிடைக்குமா?"

காபி டம்ளரைக் கீழே வைத்தேன். இரவல்! பாட்டியிடமிருந்து பிடித்திருப்பான். எங்கள் வீட்டில் அந்தச் சொல் புழங்கிப் பல வருடம் ஆகிறது. பாட்டு, சினிமா, கேம் எல்லாம் மாதச் சந்தாவில் வந்து கொட்டுகிறது. யாரிடமும் போய் நிற்க வேண்டியதில்லை. திருப்பிக் கொடுக்கவும் வேண்டியதில்லை.

"எதுக்குடா கேசட்?" என்றேன்.

"நீதான் ஊதி ஊதி ஆடினேன்னு சொன்னியே. எனக்கும் ஊதணும்."

நியாயமான கோரிக்கைதான். ஆனால், பழைய வீடியோ கேம் ஒன்றை இன்றைக்கு இரவல் வாங்குவது என்பது கறிவேப்பிலை இரவல் வாங்குவது மாதிரி இல்லை. மூன்று சாமான் வேண்டும். கேசட், அதைச் செருகுகிற மெஷின், அப்புறம் ஒரு குண்டு டிவி. சுவரில் மாட்டியிருக்கும் தட்டை டிவியில் எப்படியாவது படத்தை வரவழைத்துவிடலாம். துப்பாக்கி மட்டும் வேலை செய்யாது. வாத்து சுடும் அந்தத் துப்பாக்கியிலிருந்து குண்டோ கதிரோ எதுவும் கிளம்புவதில்லை. விசையை அழுத்தியதும் திரை ஒரு கண நேரம் கறுப்பாகி, வாத்து இருந்த இடத்தில் மட்டும் வெள்ளைக் கட்டம் மின்னும். அந்த வெளிச்சத்தைத் துப்பாக்கியின் கண் பார்த்துவிட்டால் வாத்து காலி. பிக்சர் டியூப்பின் வேகத்துக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை அது. இன்றைய டிவிகளுக்குப் பொருந்தாது.

பையனின் வயதில் எனக்கு இந்தக் கவலை எதுவும் இல்லை. ஐம்பது ரூபாய்தான் கவலை.

1994. மேற்கு மாம்பலத்தில் எங்கள் தெரு முனையில் ஒரு வீடியோ லைப்ரரி. முன்பக்கம் சினிமா கேசட்டுகள். உள்ளே கண்ணாடி அலமாரியில் மஞ்சள் மஞ்சளாக கேம் கேசட்டுகள். ஜப்பானில் 1983ல் நின்டெண்டோ கொண்டுவந்த ஃபேமிலி கம்ப்யூட்டரைத் தைவான்காரர்களும் சீனாக்காரர்களும் நகலெடுத்து உலகம் பூராவும் அனுப்பிக்கொண்டிருந்த காலம். நம்மூருக்கு வந்ததெல்லாம் பெரும்பாலும் அந்த நகல்தான். கேசட்டின் மேல் '9999 இன் 1' என்று போட்டிருக்கும். எண்ணிப் பார்த்தால் உள்ளே இருபதோ முப்பதோதான். மிச்சமெல்லாம் அதே ஆட்டம், வேறு வேறு பெயரில்.

கேசட் மட்டும் என்றால் ஒரு நாளைக்கு 5 ரூபாய், 100 ரூபாய் டெபாசிட். செட்டே வேண்டுமென்றால் 24 மணி நேரத்துக்கு 50 ரூபாய், ரேஷன் கார்டு ஜெராக்ஸ். நாங்கள் நாலு பேர் தலைக்குப் பன்னிரண்டரை ரூபாய் போட்டு, சனிக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்கு எடுத்துவருவோம். ஞாயிறு ஆறு மணிக்குத் திருப்பித் தர வேண்டும். ரஃப் நோட்டில் டைம்டேபிள் போடுவோம். தூங்குவதற்கு அதில் கட்டம் கிடையாது.

செட் வந்ததும் ஆன்டெனா வயரைப் பிடுங்கிவிட்டு அதன் வயரைச் செருகி, டயனோரா டிவியின் ட்யூனிங் திருகாணியைத் திருகுவேன். வெறும் புள்ளிமழைக்குள்ளிருந்து மெதுவாக ஒரு மீசைக்காரர் எழுந்து வருவார். "பிக்சர் டியூப் போயிடும்டா" என்று அப்பா சொல்வார். அடாப்டரைத் தொட்டுப் பார்த்து, "அடுப்பு மாதிரி கொதிக்குது" என்று அம்மா சொல்வாள். படம் தெரியவில்லையா, கேசட்டை எடுத்து ஊத வேண்டியது. ஊதுவது தப்பு, எச்சில் ஈரம் பட்டு உலோகப் பல் கெடும் என்று நின்டெண்டோவே பிற்பாடு சொன்னது. ஊதியதால் வேலை செய்யவில்லை, எடுத்துத் திரும்பச் செருகியதால்தான் வேலை செய்தது என்கிறார்கள். கேசட்டின் சிப்பு பல பத்தாண்டுகள் தாங்கும். உலோகப் பல்லை ஐசோப்ரோபைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சால் துடைத்தாலே போதும்.

அந்தக் கடையில் ஓர் அண்ணன் வேலை பார்த்தார். பதினெட்டு, பத்தொன்பது வயசு இருக்கும். கான்ட்ராவில் முப்பது உயிர் வாங்குகிற வித்தையை, மேல் மேல் கீழ் கீழ் இடது வலது இடது வலது பி ஏ, எனக்குச் சொல்லிக்கொடுத்தது அவர்தான். அரைப் பரீட்சை லீவில் நான் ஒரு கேசட் கேட்டேன். பக்கத்து வீட்டில் செட் இருந்தது. என்னிடம் டெபாசிட் இல்லை.

"பரவால்ல தம்பி, எடுத்துட்டுப் போ. என் பேர்ல எழுதிக்கறேன்" என்றார்.

"நாளைக்குக் கொண்டாந்துடறேன்ணே."

நாளைக்குக் கொண்டுபோகவில்லை. வகுப்புத் தோழன் ஒருவன் ஒரே ஒரு நாள் என்று என்னிடம் கேட்டான். அவனும் அதே வார்த்தையைத்தான் சொன்னான். லீவு முடிந்து போனால், அவன் அப்பாவுக்கு மாற்றல், குடும்பத்தோடு ஊரைவிட்டே போய்விட்டார்கள் என்றார்கள். நான் அந்தத் தெரு முனையைத் தவிர்த்துச் சுற்றி நடக்க ஆரம்பித்தேன்.

இரண்டு மாதம் கழித்துத் தைரியம் வந்து கடைக்குப் போனேன். கல்லாவில் முதலாளி. அண்ணன் இல்லை.

"அவனா? கேசட் ஒண்ணு கணக்குல வரல. சம்பளத்துல பிடிச்சேன். கோவிச்சுக்கிட்டு ஊருக்குப் போயிட்டான். உனக்கு என்ன வேணும்?"

அந்த இடத்தில் நான் உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. அன்றைக்கும் காசு கொடுத்து ஒரு கேசட் எடுத்துக்கொண்டு வந்தேன். ஆடவும் செய்தேன்.

பிறகு பி.காம். சேர்ந்தபோது, கணக்குப்பதிவியல் வாத்தியார் முதல் வகுப்பிலேயே சொன்னார்: ஒவ்வொரு பற்றுக்கும் எங்கேயோ ஒரு வரவு இருந்தே தீரும். மற்றவர்கள் ரொக்கம், சரக்கு என்று உதாரணம் எழுதிக்கொண்டார்கள். எனக்கு மஞ்சள் கேசட் ஞாபகம் வந்தது.

சட்டப்படி பார்த்தால் அந்தக் கடையே தப்பு. நகல் விற்பது ஒரு தப்பு. கம்ப்யூட்டர் புரோகிராமை வாடகைக்கு விடும் உரிமை அதன் சொந்தக்காரருக்கே என்கிறது நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு. ஜப்பானில் இன்னும் கறார். 1984ல் சட்டத்தைத் திருத்தி, அனுமதியில்லாமல் வாடகைக்கு விட முடியாதபடி செய்தார்கள். பதிலுக்கு நின்டெண்டோ 1986ல் ஒரு வழி கண்டுபிடித்தது. காந்தத் தகட்டைக் கடைக்கு எடுத்துப் போனால், 500 யென்னுக்குப் பழைய ஆட்டத்தை அழித்துப் புது ஆட்டம் எழுதிக் கொடுப்பார்கள். அந்தச் சேவை 2003 வரை நடந்தது.

அமெரிக்காவில் நின்டெண்டோவுக்குத் தோல்வி. கம்ப்யூட்டர் மென்பொருளை வாடகைக்கு விடக் கூடாது என்று 1990ல் சட்டம் போட்டவர்கள், டிவியில் செருகி ஆடும் கேம்களுக்கு விலக்குக் கொடுத்துவிட்டார்கள். அதற்கு முந்தின வருடமே பிளாக்பஸ்டர் என்ற பெரிய வாடகைக் கடை மீது நின்டெண்டோ வழக்குப் போட்டிருந்தது. எதற்குத் தெரியுமா? கேமோடு வரும் விளக்கப் புத்தகத்தை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தார்களாம்! ஒரே வார இறுதியில் வாடகைக்கு எடுத்து ஆடி முடித்துவிடக் கூடாது என்று ஆட்டத்தையே கடினமாக்கியதும் உண்டு. 1994ல் வந்த 'லயன் கிங்' கேமை உருவாக்கியவர்களே பிற்பாடு இதை ஒப்புக்கொண்டிருக்கிறார்கள்.

அந்த பிளாக்பஸ்டரும் 2010ல் திவால். வாடகைக் கடைகள் போய்ச் சந்தா வந்தது. 2018லிருந்து நின்டெண்டோவே தன் பழைய ஆட்டங்களில் சிலவற்றைச் சந்தாவில் தருகிறது. சந்தாவை நிறுத்தினால் ஆட்டமும் நிற்கும். அதை நான் அடுத்த வீட்டுப் பையனுக்கு ஒரு நாள் கொடுக்க முடியாது. கம்பெனி கடையை மூடினால் அதுவும் இல்லை. 3டிஎஸ், வீ யு என்ற இரண்டு மெஷின்களுக்கான ஆன்லைன் கடையை 2023 மார்ச்சில் அப்படித்தான் மூடினார்கள். அதே வருடம் அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் ஒரு கணக்கெடுத்துச் சொன்னது: அந்த ஊரில் 2010க்கு முன் வந்த கேம்களில் 87 சதவிகிதம் இன்று கடையில் கிடைப்பதில்லை.

நூலகங்கள் என்ன செய்கின்றன என்று கேட்பீர்கள். அமெரிக்காவில் பல பொது நூலகங்கள் கேம் வட்டுகளை, புத்தகம் மாதிரியே வீட்டுக்குக் கொடுக்கின்றன. மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் பழைய மெஷின்களையும் கேசட்டுகளையும் அங்கேயே உட்கார்ந்து ஆடிப் பார்க்க ஒரு தனி ஆவணக்கூடம் உண்டு. கடையில் கிடைக்காத பழைய கேம்களை ஆராய்ச்சியாளர்கள் அவரவர் இடத்திலிருந்தே ஆடிப் பார்க்க அனுமதியுங்கள் என்று நூலகங்களின் தரப்பில் கேட்டார்கள். 2024 அக்டோபரில் அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் மறுத்துவிட்டது. ஆராய்ச்சி என்ற பெயரில் பொழுதுபோக்குக்காக ஆடிவிடுவார்களாம். நூலகத்தில் நாவல் எடுப்பவர்கள் வேறு எதற்காக எடுக்கிறார்கள் என்று நினைத்தார்களோ தெரியவில்லை.

ஆகவே, பழைய கேம் இரவல் வேண்டுமென்றால் மிஞ்சுவது மனிதர்கள்தான். அபார்ட்மென்ட் வாட்ஸப் குழுவில் தயங்கித் தயங்கி ஒரு வரி போட்டேன். பத்து நிமிடத்தில் மூன்றாவது மாடி சார் பதில் போட்டார். ரிட்டையர் ஆனவர். "பரண்ல இருக்கு. பையன் ஆடினது. அவன் இப்ப டெக்சாஸ்ல. வந்து எடுத்துக்கோங்க."

செட், இரண்டு ஜாய்ஸ்டிக், துப்பாக்கி, நாலு கேசட். எல்லாவற்றையும் ஒரு பழைய வேட்டியில் சுற்றி வைத்திருந்தார். குண்டு டிவியை இஸ்திரிக் கடைக்காரர் இரண்டு நாளைக்குத் தந்தார். டெபாசிட் எவ்வளவு என்று விளையாட்டாகக் கேட்டேன். "போங்க சார்" என்றார் மூன்றாவது மாடி சார்.

பையன் கான்ட்ராவில் நாலு நிமிடத்தில் செத்தான். முப்பது உயிர் வித்தையைச் சொல்லிக்கொடுத்தேன். யார் சொல்லிக்கொடுத்தது என்று கேட்டான். சொன்னேன், கேசட் கதையையும் சேர்த்து. ஜாய்ஸ்டிக்கைக் கீழே வைத்துவிட்டு முழுவதும் கேட்டான்.

"அந்த அண்ணனை அப்புறம் பார்க்கவே இல்லியா?"

"இல்லை. பேர்கூட முழுசாத் தெரியாது."

அவன் ஒன்றும் சொல்லவில்லை. கேசட்டை எடுத்து, ஊதாமல், பஞ்சால் துடைத்துத் திரும்பச் செருகினான்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இன்னும் மூன்றாவது கட்டத்தில்தான் இருந்தான். "நாளைக்குக் கொடுத்துடலாமாப்பா?" என்று ஆரம்பித்தவன் என் முகத்தைப் பார்த்துவிட்டு அவனே வயர்களைச் சுருட்டினான்.

ஆறு மணிக்கு மூன்றாவது மாடி பெல்லை அடித்தோம். சார் கதவைத் திறந்து, கையிலிருந்த வேட்டி மூட்டையைப் பார்த்து ஆச்சரியப்பட்டார்.

"என்ன சார் அவசரம்? ஒரு மாசம் வெச்சிருந்து ஆடட்டுமே."

முப்பது வருஷத்துக்கு மேல் லேட் சார் என்று சொல்ல வாயெடுத்தேன். அவருக்குப் புரியாது. மூட்டையை அவிழ்த்து, நாலு கேசட்டையும் அவர் முன்னால் எண்ணி வைத்தேன்.