பச்சைத் தண்ணி

கீசரில் சிவப்பு விளக்கு எரிகிறது, குழாயில் வருவதோ பச்சைத் தண்ணி. "விளக்கு எரியுதுன்னா தெர்மோஸ்டாட், கட்அவுட் ரெண்டும் நல்லாத்தான் இருக்கு. காயில் போயிருக்கும் சார்" என்று மூடியைக் கழற்றும் முன்பே சொல்லிவிட்டார் எலக்ட்ரீஷியன் தம்பி. மெயினை அணைத்துவிட்டு மல்டிமீட்டரை வைத்தார். 2000 வாட் காயில், 26 ஓம் போலக் காட்ட வேண்டும். ஒன்றும் காட்டவில்லை.

பாளையங்கோட்டை வீட்டுப் புறவாசலில் நின்ற செப்பு பாய்லருக்கு மீட்டர் ஏது? நடுக்குழாயில் கரியும் செரட்டையும், சுற்றிலும் தண்ணீர். சூடேறவில்லை என்றால் ஆச்சி குனிந்து அடியில் பார்ப்பாள். சாம்பல் அடைத்திருக்கும். "காத்து போனாத்தானல தீ பிடிக்கும்" என்று கம்பியால் ஒரு குத்து விடுவாள், கங்கு சிவந்துவிடும். புனலில் ஒரு செம்பு ஊற்றினால் மூக்கு வழியே ஒரு செம்பு வெந்நி விழும். ஊற்றாமல் ஒரு சொட்டு கிடைக்காது. தீபாவளிக்கு முந்தின நாள் அதைப் புளி போட்டு விளக்கி, மஞ்சள் குங்குமம் வைப்பார்கள். விடியுமுன் கண்ணில் எண்ணெய் இறங்க நாங்கள் வரிசையில் நிற்போம். தாத்தா மட்டும் அந்தப் பக்கமே வரமாட்டார். மார்கழியிலும் அவருக்குத் தாமிரபரணிதான். அவருக்குச் சளி பிடித்ததே இல்லை என்று ஆச்சி சொல்வதில் பாதி பெருமை, பாதி எரிச்சல்.

கீசரும் அதே ஏற்பாடுதான். அடியில் பச்சைத் தண்ணி நுழைந்தால்தான் மேலே நிற்கும் வெந்நீர் வெளியேறும். கங்கு இருந்த இடத்தில் காயில், வாசனைதான் இல்லை.

டேங்கை வடித்துவிட்டுத் தம்பி காயிலை உருவினார். விரல் தடிமனுக்கு உப்பு. தட்டினால் முட்டை ஓடு மாதிரி பெயர்ந்து விழுந்தது. போர் தண்ணியில் கரைந்திருக்கும் சுண்ணாம்பு, சூட்டில் பிரிந்து இப்படிப் படிகிறது. படிந்த பிறகு சூடு தண்ணீருக்குப் போகாமல் காயிலையே எரித்துவிடும். டேங்க் துருப்பிடிக்காமல் இருக்கத் தான் அரிபட்டுக்கொண்டிருந்த மெக்னீசியம் கட்டையில் நடுக்கம்பி மட்டுமே மிச்சம். வருஷம் ஒருமுறை இதையெல்லாம் திறந்து பார்க்க வேண்டுமாம். விற்கும்போது யார் சொல்கிறார்கள்? ஆச்சி வீட்டில் ஆற்றுத் தண்ணி. உப்பு என்ற பேச்சே எழுந்ததில்லை.

புதுக் காயில், கட்டை, வாஷர் மூன்றையும் மாட்டி முடித்ததும் அத்தை சுவிட்சை நோக்கிப் போனார்.

"இருங்கம்மா, முதல்ல வெந்நீர்க் குழாயைத் திறந்து விடுங்க. தண்ணி நல்லா விழட்டும். காலி டேங்க்ல போட்டா இதுவும் எரிஞ்சிடும்."