ஆண்பிள்ளை அழலாமா?

ஸ்ரீவில்லிபுத்தூரில் நம் அன்னையாரை நல்லடக்கம் செய்துவிட்டு இராஜபாளையம் திரும்பும் பேருந்தில், நம் பதினைந்து வயது மகன் விம்மி அழுதான். "ஆண்பிள்ளை அழலாமா?" என்று அதட்டினோம். கண்ணைத் துடைத்துக்கொண்டவன், அதன்பின் நம்முன் அழவேயில்லை.

சில மாதங்கள் சென்றன. ஒருநாள் இரவு, கைப்பேசியில் ஜப்பானியச் சித்திரத் தொடர் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தான். 2019இல் வெளிவந்த 'டீமன் ஸ்லேயர்' அது. அதன் திரைப்படமொன்று 2025 செப்டம்பரில் தமிழ்க் குரலிலேயே நம் திரையரங்குகளுக்கு வந்தது. வாளும் குருதியும் கண்டு, வன்மத்தை ஆண்மையெனக் கற்பிக்கிறார்களே என்று கைப்பேசியைப் பறிக்கப் போனோம்.

"அத்தா, இந்த இடத்தை மட்டும் பாருங்க" என்றான்.

தன்னைக் கொல்ல வந்த அரக்கனை வெட்டி வீழ்த்திய தஞ்சிரோ என்னும் இளைஞன், உதிர்ந்து மறையும் அவன் கையைப் பரிவோடு பற்றிக்கொண்டான், அவனுக்காக இறைஞ்சினான்.

நாம் திகைத்தோம். இடருற்ற பகைவனுக்கும் உதவுவதே வீரத்தின் கூர்மை என்பதைப் படைச்செருக்கு அதிகாரத்தில் வள்ளுவர் சொல்லவில்லையா? மகனார் இப்ராஹீமின் பிரிவில் பெருமானார் (ஸல்) அவர்கள் கண்ணீர் வடித்ததை மத்ரஸாவில் எத்தனை முறை பாடம் நடத்தியிருப்போம்! ஏட்டில் இருந்தது, பேருந்தில் நம் நாவுக்கு வரவில்லையே!

"அன்று நீ அழுதது தவறன்று, நாம் அதட்டியதே தவறு" என்றோம்.

அடுத்த வெள்ளியன்று இருவரும் ஸ்ரீவில்லிபுத்தூர் கபரஸ்தானுக்குச் சென்றோம். துஆவுக்குக் கையேந்தியபோது முதலில் அழுதவர் நாமே.