யாழ்ப்பாணத்தில் ஒரு ‘வைன்’ பயணம்

புலம்பெயர்ந்து வாழும் நம்மவர்கள் பலருக்கு ‘வைன் ருவர்’ என்பது இன்று புதிய சொல் அல்ல. பிரான்ஸில் இருப்பவர்கள் போர்தோவுக்கும், அவுஸ்திரேலியாவில் இருப்பவர்கள் பரோசாப் பள்ளத்தாக்குக்கும், கனடாவில் இருப்பவர்கள் நயாகராவுக்கும் போய் வருகிறார்கள். காலையில் ஒரு வான் வரும். வழிகாட்டி ஒருவர் திராட்சைத் தோட்டத்தைக் காட்டுவார். பின்னர் நிலவறையில் மரப்பீப்பாய்களின் நடுவே நிறுத்தி, கண்ணாடிக் கிண்ணத்தில் இரண்டு மிடறு ஊற்றித் தருவார். மண்ணின் வாசனை தெரிகிறதா, மழையின் அளவு தெரிகிறதா என்று கேட்பார். மாலையில் இரண்டு போத்தல்களோடு வீடு திரும்பலாம். இந்தியாவில் நாசிக் நகரமும் இப்போது இதற்குப் பெயர் பெற்றுவிட்டது. 1999-இல் தொடங்கப்பட்ட சூலா திராட்சைத் தோட்டத்தைப் பார்க்கவே மும்பையிலிருந்து மக்கள் போகிறார்கள்.

யாழ்ப்பாணத்தில் அப்படி ஒரு பயணம் உண்டா என்று கேட்டால் சிரிப்பீர்கள். இவ்வாண்டு சித்திரை மாதத்தில் அப்படியொரு பயணத்தில் நான் கலந்துகொண்டேன். உள்ளூர் இளைஞர் ஒருவர் வான் ஒன்றை அமர்த்தி விருந்தினர்களை அழைத்துச் செல்கிறார். எங்களோடு ரொறன்ரோவிலிருந்து வந்த ஓய்வுபெற்ற பொறியியலாளர் ஒருவரும் அவர் மனைவியும், பாரிஸிலிருந்து வந்த சகோதரர் இருவரும், லண்டனில் பிறந்து வளர்ந்த இளைஞன் ஒருவனும் இருந்தார்கள். மது உடலுக்குக் கேடு என்பதை மறுப்பதற்காக நான் இதனை எழுதவில்லை. குடிப்பழக்கத்தால் அழிந்த குடும்பங்களைப் பற்றிப் பத்திரிகைக்காரன் அறியாதது எதுவுமில்லை. நான் எழுத விரும்புவது வேறொரு விடயம்.

முதலில் உரும்பிராயில் ஒரு திராட்சைத் தோட்டத்துக்குப் போனோம். செம்மண், அதன் கீழே சுண்ணாம்புக்கல், அதற்குள் தேங்கிய கிணற்றுநீர். இவைதான் வலிகாமத்துத் திராட்சையின் மூலதனம். ‘இஸ்ரேல் புளூ’ என்று விவசாயிகள் அழைக்கும் கருநீலப் பழமே இங்கு பெரும்பாலும் பயிராகிறது. குளிர்நாட்டில் கொடி பனிக்காலத்தில் இலையுதிர்த்து உறங்கும். வசந்தத்தில் விழித்து, ஆண்டுக்கு ஒருமுறை காய்க்கும். நமது வெப்பத்தில் அந்த உறக்கம் இல்லை. ஆகவே விவசாயியே கத்தரித்துக் கொடியை விழிக்கச் செய்கிறார். கத்தரித்ததிலிருந்து ஏறத்தாழ நான்கு மாதங்களில் பழம் கைக்கு வருகிறது. பந்தலின் கீழே குனிந்து நின்று இதனை விளக்கிய தோட்டக்காரர், “மழை பிந்தினாலும் பிழை, முந்தினாலும் பிழை ஐயா. ஐப்பசி கார்த்திகையிலை பழம் நிண்டால் வெடிச்சுப் போகும்” என்றார். உலகின் எந்தத் திராட்சை விவசாயியும் சொல்லக்கூடிய வார்த்தைதான் அது.

இந்தப் பழம் பெரும்பாலும் உண்பதற்காகவே சந்தைக்குப் போகிறது. ஆனாலும் வைனோடு யாழ்ப்பாணத்துக்கு ஓர் உறவு உண்டு. கத்தோலிக்கத் திருப்பலிக்குத் திராட்சை இரசம் வேண்டும் என்பதால், மறைபரப்பாளர் போன நாடுகளுக்கெல்லாம் கொடியும் கூடவே போனது. கலிபோர்னியாவில் முதற்கொடிகளை நட்டவர்கள் ஸ்பானிய மதகுருமாரே. இங்கு 1928-இல் தோமஸ் அடிகளார் தோலகட்டியில் செபமாலைத் தாசர் துறவியர் சபையை நிறுவினார். தியானமும் கைத்தொழிலும் கலந்த வாழ்க்கை அவர்களுடையது. அச்சபைக் கன்னியர் தயாரிக்கும் நெல்லிரசமும் திராட்சைச் சாறும் வைனும் யாழ்ப்பாணத்தவருக்கு நன்கு பழக்கமானவை.

நகரிலுள்ள அவர்களது மடத்தில் சிறிய கிண்ணங்களில் ஊற்றித் தந்தார்கள். கறுவாவும் கராம்பும் மணக்க, நன்றாக இனித்தது அந்த வைன். ஜெர்மனியில் நத்தார் காலச் சந்தைகளில் சூடாக்கித் தரும் வைனை அருந்தியவர்களுக்கு இந்தச் சுவை அந்நியமாக இராது. பாரிஸ் சகோதரர்களுள் மூத்தவர், “இது வைன் இல்லை, பாணி” என்று மெல்லச் சொன்னார். இருந்தும் ஆளுக்கு இரண்டு போத்தல் வாங்கிக்கொண்டார்கள். 1990-இல் வலிகாமம் வடக்கின் பெரும்பகுதி இடம்பெயர்ந்து போன மண்ணில், ஒரு பானம் தன் பெயரைத் தக்கவைத்துக்கொள்வது சிறிய காரியமா?

பிற்பகல் வடமராட்சிக்குப் போனோம். இந்த மண்ணின் உண்மையான வைன் பனையிலிருந்து வருகிறது என்று வழிகாட்டி அறிவித்தார். நானும் அதை ஏற்றுக்கொள்கிறேன். திராட்சை நமக்கு விருந்தாளி. பனை வீட்டுக்காரன். புறநானூற்றின் 56-ஆம் பாடலில் யவனர் கொண்டுவந்த மது பாண்டியனின் அவைக்கு வருகிறது. ஆனால் ஔவை தன் நண்பன் அதியமானை இழந்து அழும்போது நினைத்துக்கொள்வது அவன் பகிர்ந்து தந்த கள்ளைத்தான். அதே தமிழில் வள்ளுவர் கள்ளுண்ணாமைக்கு ஓர் அதிகாரமே ஒதுக்கினார். இந்த இரு குரல்களும் நம்மிடம் எப்போதும் சேர்ந்தே இருந்திருக்கின்றன.

மாலைச் சீவலுக்கு மரமேறவிருந்த தொழிலாளி ஒருவர் எங்களுக்காகக் காத்திருந்தார். அறுபதைத் தாண்டிய மெலிந்த உடல். இடுப்பில் பாளைக்கத்தி, காலில் தளைநார். பாளையைப் பக்குவமாக நசுக்கி, கட்டி, அதன் நுனியை நாள்தோறும் காலையும் மாலையும் மெல்லிய வில்லையாகச் சீவிவிட வேண்டும். ஒருவேளை தவறினால் வெட்டுவாய் காய்ந்து பாளை வீணாகும். ஆகவே காய்ச்சலென்றும் கல்யாணமென்றும் இத்தொழிலுக்கு விடுமுறை கிடையாது. முட்டியில் சொட்டும் நீர் சொட்டும்போதே நொதிக்கத் தொடங்கிவிடும். உள்ளே சுண்ணாம்பு பூசினால் நொதிக்காது. அதுதான் கருப்பநீர். அதைக் காய்ச்சினால் பனங்கட்டி. பூசாவிட்டால் கள்ளு. ஒரு நாள் தாண்டினால் புளித்துக் காடியாகத் தொடங்கும். நல்ல வைன் ஐம்பது ஆண்டுகள் நிலவறையில் கிடக்கும். கள்ளின் ஆயுளோ ஒரு பகல் ஒரு இரவு. ஏறுகிறவர் இல்லையென்றால் மறுநாளே அந்தப் பானம் இல்லை.

“எல்லா மரத்துக் கள்ளும் ஒரே சுவைதானோ?” என்று நான் கேட்டேன். அவர் சிரித்தார். “அதெப்பிடி ஐயா? கிணத்தடிப் பனையின்ரை கொஞ்சம் தண்ணியா இருக்கும். அந்தா, மணல் பக்கம் நிக்கிற ரண்டும் நல்ல இனிப்பு. கண்ணை மூடிக்கொண்டு குடிச்சாலும் நான் மரத்தைச் சொல்லுவன்.” போர்தோவின் வைன் நிபுணர்கள் மண்ணையும் கொடியையும் பற்றிப் பேசிப் புகழ் பெறுகிறார்களே, அந்த அறிவு இதுதான். அவர்களுக்குப் பட்டமும் பதக்கமும் உண்டு. இவருக்கு நாம் வைத்திருந்த பெயர்களை இங்கே எழுத என் கை கூசுகிறது.

நண்பர்களே, இதுதான் நான் சொல்ல வந்த விடயம். யாழ்ப்பாணச் சமூகம் கள்ளை விரும்பியது. அதை இறக்கியவரை விலக்கி வைத்தது. அவர் இறக்கிய கள்ளு பெரிய வீட்டுத் திண்ணைவரை போனது. அவர் அந்தத் திண்ணையில் ஏற முடியவில்லை. தேநீர்க்கடையில் கிளாஸ் தராமல் போத்தலிலும் தகரத்திலும் ஊற்றினார்கள். கோயிற் கதவு சாத்தப்பட்டது. 1957-இல் சமூகக் குறைபாடுகளைத் தடுக்கும் சட்டம் வந்தும் நடைமுறை மாறாததால்தான், 1966 ஒக்டோபர் 21-இல் சுன்னாகத்திலிருந்து யாழ் நகரை நோக்கி ஊர்வலம் புறப்பட்டது. 1968-இல் மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசப் போராட்டம் நடந்தது. கே. டானியலின் ‘பஞ்சமர்’ நாவலைப் படித்தவர்களுக்கு இந்த வரலாறு புதிதல்ல.

அவர் மரத்திலிருந்து இறங்கி வந்தபோது லண்டன் இளைஞன் ஓடிப்போய், “அங்கிள், பயமா இல்லையா?” என்று கேட்டான். “பயந்தால் ஏறேலாது தம்பி” என்றார் அவர். அடுத்து ரொறன்ரோப் பொறியியலாளர் அவரருகே போய், “நீங்கள் எத்தினை வருஷமா இந்தத் தொழில் செய்யிறியள்?” என்று கேட்டார். நான் கவனித்தது கேள்வியை அல்ல, அந்த ‘நீங்கள்’ என்ற சொல்லை. எங்கள் சிறுபராயத்தில் பத்து வயதுப் பையன்கூட இத்தொழில் செய்யும் முதியவரை ‘நீ’ என்றுதான் அழைப்பான். முதியவரோ அந்தப் பையனின் தகப்பனை ‘நயினார்’ என்று விளித்துக் கைகட்டி நிற்பார். ஒரு சொல் மாறுவதற்கு ஊருக்கு அரை நூற்றாண்டு எடுத்திருக்கிறது.

மரத்தடியில் வைத்துக் கள்ளு விற்க அனுமதியில்லை. தொழிலாளர் இறக்கும் கள்ளு அவர்களது கூட்டுறவுச் சங்கத்துக்குப் போய், அங்கிருந்து தவறணைக்கு வருகிறது. ஆகவே தவறணைக்குப் போனோம். வாங்கில் அமர்ந்து, பனையோலைப் பிளாவில் வார்த்த உடன்கள்ளை, பொரித்த மீனோடு சுவைத்தோம். சற்று இனிப்பு, சற்றுப் புளிப்பு, நாக்கில் மெல்லிய கடுப்பு. சிலருக்கு இது பிடிக்கும், சிலருக்கு மணமே ஆகாது. பாரிஸ் சகோதரர் இருவரும் இம்முறை குறை எதுவும் சொல்லவில்லை.

வழிகாட்டியைத் தனியே அழைத்து, நாங்கள் தந்த கட்டணத்தில் மரமேறியவருக்கு எவ்வளவு போகிறது என்று கேட்டேன். அவர் நேர்மையான பிள்ளை. “கள்ளுக் காசு சங்கத்தாலை போகும் ஐயா. ஏறிக் காட்டினதுக்கு நான் கையிலை ஏதும் குடுப்பன். கணக்கெண்டு ஒண்டும் இல்லை” என்றார். அந்த இளைஞரைக் குற்றஞ்சொல்ல நான் வரவில்லை. ஆனால் அந்தப் பதில் என்னை உறுத்தியது.

பத்திரிகை அலுவலகத்தில் நீண்ட காலம் இருந்தவர்களுக்கு ஒரு செய்தி மனப்பாடமாக இருக்கும். ‘பனையிலிருந்து விழுந்து சீவல் தொழிலாளி மரணம்.’ ஊர்ப்பெயரும் வயதும் மட்டுமே மாறும். பக்கத்தின் அடியில் நாலு வரி. விழுந்தவர் இறவாமல் முதுகெலும்பு முறிந்து படுக்கையில் கிடந்தால் அந்த நாலு வரியும் இல்லை. தமிழ்நாட்டில் 1987 முதல் கள்ளுக்குத் தடை. அங்கே பனையேறிகள் இன்றும் உரிமை கேட்டு நிற்கிறார்கள். இங்கே உரிமை உண்டு, ஏறுவதற்கு ஆட்கள் அருகி வருகிறார்கள்.

அன்று நாங்கள் சந்தித்தவரின் மகன் கொழும்பில் கடையொன்றில் வேலை செய்கிறான். தகப்பனின் தொழிலுக்கு அவன் வரமாட்டான். வரக்கூடாது என்பதே தகப்பனின் விருப்பமும். “என்னோடை போகட்டும்” என்றார். மரபு அழிகிறதே என்று பொறியியலாளர் கவலைப்பட்டார். அவரது கவலை உண்மையானது. ஆனால் தன் பிள்ளை மரத்திலிருந்து விழக்கூடாது, யாரும் அவனை ‘நீ’ என்று அழைக்கக்கூடாது என்று நினைக்கும் தகப்பனிடம் மரபைக் காப்பாற்றச் சொல்ல நமக்கு என்ன தகுதி இருக்கிறது?

பனங்கள்ளைப் போத்தலில் அடைத்து வெளிநாடுகளுக்கும் அனுப்புகிறார்கள். உங்கள் நகரத்துத் தமிழ்க்கடையிலும் கிடைக்கலாம். வைன் போத்தலில் தோட்டத்தின் பெயரும், செய்தவர் பெயரும், ஆண்டும் இருக்கும். கள்ளுப் போத்தலில் சீவியவரின் ஊராவது இருக்கக்கூடாதா? இத்தகைய பயணங்களின் கட்டணத்தில் அவருக்கென எழுதிவைத்த ஒரு பங்கு இருக்கக்கூடாதா? ஏறுபவருக்குக் காப்புறுதி உண்டா என்று கேட்டுவிட்டு நாம் பிளாவை நீட்டக்கூடாதா? ஊருக்குப் போகும் நண்பர்கள் இப்பயணத்தைத் தவறவிட வேண்டாம். போனால் இந்த மூன்று கேள்விகளையும் கேளுங்கள். பலர் கேட்டால் வழிகாட்டிகளும் சங்கங்களும் பதில் தேடத்தான் வேண்டும். அதுவரை, அவரோடு பேசும்போது ‘நீங்கள்’ என்ற சொல்லை மறவாதிருங்கள்.