கொடும்பாளூர்: திறந்த களஞ்சியமும் மூன்று விமானங்களும்

திருச்சிராப்பள்ளியிலிருந்து மதுரை செல்லும் நெடுஞ்சாலையில், ஆறுமுகப் பெருமான் எழுந்தருளியிருக்கும் விராலிமலை வரை பேருந்தில் அடியார் கூட்டத்திற்குக் குறைவில்லை. மலையைத் தரிசித்தவர்கள் அங்கேயே திரும்பிவிடுகின்றனர். சற்றுத் தெற்கே, புதுக்கோட்டை மாவட்டத்தின் அதே பகுதியில், அறுபத்துமூவருள் ஒருவரைத் தந்த கொடும்பாளூர் இருப்பதைப் பலர் அறிவதில்லை. 'பொன்னியின் செல்வன்' படித்தவர்களுக்கு வானதியின் ஊர் என்று சொன்னால் உடனே விளங்கும். ஆயினும் இவ்வூரின் பெருமை கதைக்கு முந்தியது.

சிலப்பதிகாரத்தில் கோவலனும் கண்ணகியும் கவுந்தியடிகளும் மதுரைக்கு நடந்து செல்கையில், மறையவன் ஒருவன் அவர்களுக்கு வழி கூறுகிறான். கொடும்பையின் பெருங்குளத்தை அடைந்தால், சிவபெருமானின் சூலம்போல வழி மூன்றாகப் பிரியும் என்பது அவன் சொன்ன அடையாளம். அந்தக் கொடும்பையே இன்றைய கொடும்பாளூர். சோழ நாட்டுக்கும் பாண்டிய நாட்டுக்கும் நடுவே, வழிகள் கூடுமிடத்தில் அமைந்த ஊர். எந்தப் படை எத்திசையில் கிளம்பினாலும் இவ்வூரை எண்ணாமல் செல்லுதல் அரிது. இத்தகைய இடத்தைக் கட்டிக்காத்தவர்கள் இருக்குவேளிர் என்னும் குறுநில மன்னர்கள்.

அம்மரபில் தோன்றியவர் இடங்கழி நாயனார். அவருடைய நாட்டில், சிவனடியார்க்கு நாள்தோறும் அமுதளித்துவந்த தொண்டர் ஒருவருக்குப் பொருள் முழுதும் தீர்ந்துபோயிற்று. அமுதூட்டும் பணி நின்றுவிடக்கூடாதே என்ற தவிப்பில், அவர் நள்ளிரவில் அரண்மனையின் நெற்பண்டாரத்தில் புகுந்து நெல்லை எடுத்தார். காவலர் பிடித்து மன்னர் முன் நிறுத்தினர்.

களவு கையும் களவுமாகப் பிடிபட்டுவிட்டது. தண்டனை விதிப்பதொன்றே மிச்சம் என்று எந்த அரசனும் எண்ணியிருக்கக்கூடும். இடங்கழியார் முதலில் காரணம் கேட்டார். அடியார்க்கு அமுதூட்டுதல் தடைப்பட்டதால் செய்தேன் என்று தொண்டர் மறைக்காமல் உரைத்தார். மன்னரின் உள்ளம் உருகிற்று. அவரை விடுவித்ததோடு, அந்தத் தொண்டரையே தம்முடைய பண்டாரமாகக் கருதினார். சிவனடியார்கள் நெற்பண்டாரத்தையும் ஏனைய நிதியையும் வேண்டுமளவு எடுத்துக்கொள்ளலாம் என்று நாடெங்கும் பறையறைவித்தார்.

நிர்வாகவியல் வகுப்புகளில் இன்று பெருங்கட்டணம் வாங்கிக்கொண்டு கற்பிக்கும் பாடம் இதனுள் இருக்கிறது. நேர்மையான ஒருவர் விதியை மீறும் நிலை வந்தால், அவரைத் தண்டிக்குமுன் அந்த விதியைப் பார்க்கவேண்டும். காவலர் தம் கடமையைச் சரியாகவே செய்தனர். தொண்டரும் தம் கடமையையே செய்தார். இவ்விருவரையும் எதிரெதிரே நிறுத்திய பூட்டைத்தான் மன்னர் திறந்தார். ஒருவரை மட்டும் மன்னித்து அனுப்பியிருந்தால் அது கருணை. பறையறைவித்தபோது அது ஆட்சியாயிற்று.

ஆனால் திறந்துவிட்ட களஞ்சியம் எத்தனை காலம் நிறைந்திருக்கும்? மனம் இரங்கும் அரசர் மறைந்தபின் அறம் என்னாகும்? இல்லறம் நடத்திய முதியோர் எவருக்கும் எழக்கூடிய ஐயம்தான் இது. இதற்கான விடை, அதே மரபில் பின்வந்த பூதி விக்கிரமகேசரி எழுப்பிய மூவர் கோயிலில் கிடைக்கிறது.

இந்தியத் தொல்லியல் துறையின் பராமரிப்பில் உள்ள இக்கோயில், மேற்கு நோக்கி வரிசையாக நின்ற மூன்று கற்றளிகளாக அமைந்தது. நடுவிலும் தெற்கிலும் உள்ள விமானங்கள் இன்றும் முழுமையாக நிற்கின்றன. அர்த்தநாரியும் கஜசம்ஹார மூர்த்தியும் வீணையேந்திய பெருமானும் சுவரிலிருந்து இறங்கி வந்துவிடுவார்களோ என்று தோன்றும் உயிர்ப்பு. அவசரமாகச் சுற்றிவருபவர்க்கு இவ்வழகு வசப்படாது. மாலை வெயில் மேற்கு முகத்தில் விழும் நேரத்தில் சற்று அமர்ந்து பார்க்கவேண்டும். சமதரையாதலால் முதியோர்க்கும் நடை வருத்தமில்லை.

நடு விமானத்துக் கிரந்தக் கல்வெட்டு வடமொழியில் அமைந்தது. விக்கிரமகேசரி அதில் எடுத்த எடுப்பில் தம்மைப் பேசவில்லை. முன்னோரை வரிசையாக நிறுத்துகிறார். வாதாபியை வென்றவர் பரதுர்க்கமர்த்தனர். அதிராஜமங்கலப் போரில் சளுக்கியை வீழ்த்தியவர், சோழர்குலத்து அனுபமையை மணந்த தந்தை சமராபிராமர். அவரவர் வெற்றி அவரவர் பெயரிலேயே நிற்கிறது. அதன்பின்னரே பல்லவர் படையைக் காவிரிக்கரையில் முறியடித்ததும், வீரபாண்டியனை வென்றதும், வஞ்சிவேளை அழித்ததுமாகிய தம் போர்கள். அவர் முதலாம் ஆதித்த சோழர் காலத்தவரா, சுந்தர சோழர் காலத்தவரா என்பதில் அறிஞர்கள் இன்னும் வழக்காடிக்கொண்டிருக்கின்றனர்.

மூன்று விமானங்களுள் ஒன்று அவர் பெயரால். மற்ற இரண்டும் தேவியர் கற்றளி, வரகுணை ஆகிய இருவர் பெயரால். புகழைப் பங்கிட்டுக் கொடுக்க மனம் வந்த தலைவர்கள் எக்காலத்திலும் சிலரே.

போர்களைப் புகழ்மொழியால் கூறிவந்த கல்வெட்டு, அறத்துக்கு வந்தவுடன் எண்களால் பேசத் தொடங்குகிறது. மதுரையைச் சேர்ந்த மல்லிகார்ச்சுனர் என்ற தவசியாருக்கு மன்னர் பெரிய மடம் ஒன்றை அளித்தார். சிவநெறியின் ஒரு பிரிவினரான காளாமுகத் தவசியர் 50 பேர்க்கு அங்கே உணவளிக்க, 11 ஊர்களை ஒதுக்கினார். உண்போர் இத்தனை பேர், அதற்குரிய வருவாய் இன்ன ஊர்களிலிருந்து, பொறுப்பு இன்னாரிடம். இம்மூன்றும் கல்லில் ஏறியபின், மடத்தில் அடுப்பு எரிய அரசரின் அன்றைய மனநிலையை எதிர்பார்க்க வேண்டியதில்லை. இரவில் நெல் தேடிச் செல்லும் நிலையும் எவருக்கும் வரவேண்டியதில்லை. நாயனார் திறந்தது களஞ்சியத்தின் கதவை. விக்கிரமகேசரி அந்தக் கதவுக்கு வயலும் வரப்பும் சேர்த்துக் கொடுத்தார்.

வடபுறத்து மூன்றாவது கற்றளியின் அடித்தளம் மட்டுமே இப்போது எஞ்சியிருக்கிறது. சுற்றிலும் இருந்த சிற்றாலயங்களும் அடிக்கற்களாகவே காட்சி தருகின்றன.

இருக்குவேளிர் காலத்துக் கற்றளியான முசுகுந்தேசுவரர் திருக்கோயிலும் அருகிலேயே உள்ளது. ஐப்பசி மாதக் கார்த்திகை நட்சத்திரம் இடங்கழி நாயனாரின் குருபூசை நாள். விராலிமலைக்குச் செல்லும் அன்பர்கள் அன்று இன்னும் சிறிது தூரம் பயணித்தால், நாயனார் ஆண்ட மண்ணிலேயே அவரை நினைந்து வணங்கி, ஓர் அடியவர்க்கேனும் அமுதிட்டுத் திரும்பலாம்.