நீலத்தை வெளுக்கும் ஊர்

கல்கத்தாவின் லேக் கார்டன்ஸில் பஜ்பஜ் லோக்கல் ஏறினால் எட்டாவது ஸ்டேஷனில் லைன் முடிந்துவிடும். அந்த ரயிலின் சத்தத்தில்தான் வளர்ந்தேன் என்றாலும் மாஜேர்ஹாட் தாண்டிப் போனதில்லை. எங்கள் உலகம் தண்டவாளத்துக்கு வடக்கே இருந்தது: ஏரி, அதைத் தாண்டி லேக் மார்க்கெட், அங்கே வாழை இலை, முருங்கைக்காய், காபிப்பொடி. அப்பாவுக்குக் கார்டன் ரீச்சில் தென்கிழக்கு ரயில்வே தலைமை அலுவலகத்தில் குமாஸ்தா வேலை. தினமும் அந்தத் திசையில்தான் போய்வந்தார். ஆனால் பக்கத்து மட்டியாபுருஸைப் பற்றி வீட்டில் பேச்சே வராது. வந்தாலும் அம்மா "அங்கேயெல்லாம் நமக்கு என்ன வேலை" என்று முடித்துவிடுவாள்.

இருபது வருடத்துக்கு மேல் மெல்போர்னில் இருந்துவிட்டுத் திரும்பியபோது லேக் கார்டன்ஸில் தேட எனக்கு அதிகம் இல்லை. மாடி வீடுகளைப் புரோமோட்டர்கள் இடித்து ஃபிளாட் கட்டியிருக்கிறார்கள். லெவல் கிராஸிங்கில் காத்து நின்ற இடத்தின் மேலே மேம்பாலம் ஓடுகிறது. மேல்மாடி மாசிமா மட்டும் அதே ஈஸிசேரில் இருந்தார். அதே லைனில் இருக்கும் அக்ராவுக்குப் போகிறேன் என்றதும், "ஜீன்ஸ் வாங்கவா? அதுக்கு கரியாஹாட் போதாதா?" என்றார்.

ஜீன்ஸ் வாங்க இல்லை, அதை வெளுப்பதைப் பார்க்க. பள்ளித் தோழன் ஒருவன் அங்கே பட்டனும் ஜிப்பும் சப்ளை செய்கிறான். அவன்தான் கூப்பிட்டான்.

இந்த லைனை ஒட்டி இரண்டு இடங்களில் ஊரை விட்டுத் துரத்தப்பட்ட அரச குடும்பங்கள் இருந்திருக்கின்றன என்பது சின்ன வயதில் யாரும் எனக்குச் சொல்லாத விஷயம். எங்கள் தெருவுக்குத் தெற்கே ஓடும் பிரின்ஸ் அன்வர் ஷா ரோடு திப்பு சுல்தானின் வாரிசு ஒருவர் பெயரில் உள்ளது. 1806 வேலூர்ப் புரட்சிக்குப் பிறகு கும்பினியார் திப்புவின் பிள்ளைகளை வேலூர்க் கோட்டையிலிருந்து கப்பலேற்றி டோலிகஞ்சில் கொண்டுவந்து வைத்தார்கள். ஐம்பது வருடம் கழித்து, 1856இல், அவத் ராஜ்ஜியத்தை இழந்த நவாப் வாஜித் அலி ஷா கல்கத்தா வந்து மட்டியாபுருஸில் தங்கினார். 1887இல் இறக்கும்வரை அங்கேதான். சிப்தைனாபாத் இமாம்பாராவில் அடக்கமாகியிருக்கிறார். சமையல்காரர்கள், பாடகர்களோடு தையல்காரர்களும் அவர் பின்னால் வந்தார்கள். அந்தப் பரம்பரை என்று சொல்லிக்கொள்ளும் 'உஸ்தாகர்'கள் இன்றும் இங்கே தைக்கிறார்கள். கல்கத்தா பிரியாணியில் கிடக்கும் உருளைக்கிழங்கையும் நவாப் கணக்கில்தான் எழுதுகிறார்கள்.

அக்ராவுக்கு முந்தைய ஸ்டேஷன் சந்தோஷ்பூரில் இறங்கியதும் நீலம் ஆரம்பித்துவிட்டது. சைக்கிள் வேனில் ஆள் உயரத்துக்கு ஜீன்ஸ் போகிறது. சந்துக்குச் சந்து தகரக் கொட்டகை, உள்ளே சிமெண்ட் லாரியின் வயிறுபோல உருளும் துவைப்பு மிஷின்கள். தைத்து வந்த பேண்ட் அட்டைபோல் விறைப்பாக இருக்கும். முதலில் என்சைம் போட்டுக் கஞ்சியை எடுக்கிறார்கள். பிறகு பியூமிஸ் கல்லோடு சேர்த்து உருட்டுகிறார்கள். பிறகு பிளீச். தொடையில் வெளிறல் வேண்டுமென்றால் பொட்டாசியம் பர்மாங்கனேட்டைத் துப்பாக்கியால் பீய்ச்சுகிறார்கள். அடித்த இடம் முதலில் ஊதா, பிறகு பழுப்பு. இன்னொரு தொட்டியில் முக்கினால் பழுப்பு போய் வெள்ளை தெரியும். பீய்ச்சிய பையன் மூக்கில் கைக்குட்டை கட்டியிருந்தான். அவ்வளவுதான் அவன் பாதுகாப்பு.

இவ்வளவு சுலபமாக வெளுப்பதற்குக் காரணம் நீலத்தின் குணம். அவுரி நீலம் தண்ணீரில் கரையாது. ரசாயனத்தால் குறைத்துக் கரைத்த தொட்டியில் நூலை முக்கி எடுத்தால் பச்சையாக வெளிவந்து, காற்றுப் பட்டதும் நீலமாகும். அந்த நீலம் நூலின் மேற்பரப்பிலேயே நிற்கும், நடு வெள்ளையாக இருக்கும். தேய்த்தால் வெள்ளை வந்துவிடுகிறது.

எனக்கு உறைத்தது இதுதான். ஒரு காலத்தில் உலகத்துக்கே நீலம் அனுப்பிய துறைமுகம் இது. அவுரி பயிரிடச் சொல்லி அடித்த துரைமார்களுக்கு எதிராக நதியா, ஜெஸ்ஸூர் குடியானவர்கள் 1859இல் எழுந்தார்கள். அந்தக் கொடுமையை நாடகமாக்கிய 'நீல் தர்ப்பண்' 1860இல் வந்தது. அதன் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டதற்காகப் பாதிரியார் ஜேம்ஸ் லாங்குக்கு 1861இல் ஒரு மாதச் சிறையும் ஆயிரம் ரூபாய் அபராதமும் கிடைத்தன. தேயிலை ஏலம் நடந்துவந்த கட்டடத்துக்கு இன்னும் நீல்ஹாட் ஹவுஸ், அதாவது நீலச் சந்தை, என்றுதான் பெயர். நவாப் வந்திறங்கிய அதே 1856இல் லண்டனில் பதினெட்டு வயது பெர்கின், மலேரியாவுக்குக் கொயினா செய்யப்போய், தார்ப் பொருளிலிருந்து ஊதாச் சாயத்தை எடுத்துவிட்டான். 1897இல் ஜெர்மனியின் பிஏஎஸ்எஃப் செயற்கை நீலத்தையே விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதோடு அவுரி வியாபாரம் படுத்தது. இன்று அந்த நீலம் பெரும்பாலும் சீனாவில் தயாராகி, குஜராத் மில்களில் நூலில் ஏறி, துணியாகக் கல்கத்தா வருகிறது. உதைபட்டு நீலம் உண்டாக்கிய வங்காளத்துக்கு இன்று நீலத்தைக் கழுவிக் கழிப்பதில்தான் கூலி.

கழுவியது எங்கே போகிறது? சாக்கடைக்கு, கால்வாய்க்கு, ஹூக்ளிக்கு. ஹூக்ளியில் கடல் ஏற்றம் உண்டு, போனது பாதி திரும்பியும் வரும். நான் பார்த்த கால்வாய் மை கொட்டியதுபோல் கிடந்தது. கரையிலிருந்த டீக்கடைக்காரர் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. திருப்பூரின் நொய்யல் ஆற்றைப் பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல. திருப்பூரில் உயர் நீதிமன்றம் 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி உத்தரவிட்டது. சொட்டு நீரும் வெளியே விடாத சுத்திகரிப்பு என்ற நிபந்தனை அதற்குப் பிறகுதான் நிஜமாகவே பிடித்தது. பல சின்னப் பட்டறைகள் அதில் காணாமல் போயின, அதையும் சொல்ல வேண்டும். இருந்தாலும் அந்த உத்தரவு சரி என்பதே என் எண்ணம்.

கொட்டகைக்காரர் ஒருவரிடம் தோழன் இதை மொழிபெயர்த்துச் சொன்னான். அவர் டீ வரவழைத்துவிட்டு, "தாதா, அவங்களுக்கு யார் பணம் கொடுத்தது?" என்று கேட்டார். அரசாங்கம் வட்டியில்லாக் கடன் கொடுத்தது, சங்கமாகச் சேர்ந்து பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களை நடத்தினார்கள் என்றேன். ஆனால் திருப்பூர்ச் சரக்கை வெளிநாட்டுக்காரன் வாங்குகிறான், அவனுக்குக் காகிதம் வேண்டும். இவர்கள் சரக்கு ஞாயிற்றுக்கிழமை ஹாட்டுக்குப் போய் அங்கிருந்து பீகாருக்கும் அஸ்ஸாமுக்கும் போகிறது, அங்கே யாரும் காகிதம் கேட்பதில்லை. அவர் சிரித்தார். "கடன் வாங்க முதல்ல இந்த ஷெட்டுக்கு ஒரு லைசென்ஸ் இருக்கணும். லைசென்ஸ் கேட்டுப் போனா, சுத்திகரிப்பு எங்கேன்னு கேக்கறாங்க."