ஃபுட்பால்: இனிஷியல் இல்லாத பெயர் யாருக்கு?

உலகக் கோப்பை சீசன் வந்துவிட்டால் போதும், இன்டர்நெட்டில் இந்தச் சண்டையும் கூடவே வந்துவிடும். "காலால் ஆடுவதுதானே ஃபுட்பால்? கையில் தூக்கிக்கொண்டு ஓடுகிற ஆட்டத்துக்கு எதற்கு அந்தப் பெயர்? அமெரிக்காக்காரனுக்கு எல்லாமே தலைகீழ்தான்!" என்று ஒரு கோஷ்டி கிளம்பும். யாராவது வாய் தவறி 'சாக்கர்' என்று சொல்லிவிட்டால் அவ்வளவுதான்... தீர்ந்தான்!

இதில் வேடிக்கை என்னவென்றால், சாக்கர் என்ற சொல் அமெரிக்காவில் பிறந்ததே இல்லை. அசல் இங்கிலாந்துச் சரக்கு. அதுவும் காலேஜ் பசங்க கிளப்பிவிட்டது. கதையை முதலிலிருந்து பார்த்தால்தான் புரியும்.

பந்தை உதைத்து விளையாடுவது யாருடைய தனிச் சொத்தும் இல்லை. சீனாவில் 2000 வருடங்களுக்கு முன்பே 'சூஜூ' என்று ஒரு உதைபந்து ஆட்டம் இருந்தது. இங்கிலாந்தில் அது ஒரு ஊர்த் திருவிழா மாதிரி. இந்தப் பக்கம் பாதி ஊர், அந்தப் பக்கம் பாதி ஊர், நடுவில் ஒரு பந்து. காலால் உதைக்கலாம், கையால் தூக்கலாம், ஆளையே தூக்கி ஓரமாய்ப் போடலாம். தெருவில் நடந்த ரகளை தாங்காமல் 1314-லேயே லண்டன் மேயர் அதற்குத் தடை போட்டார். ஆஷ்போர்ன் என்ற ஊரில் இன்றைக்கும் வருடத்துக்கு இரண்டு நாள் இந்தப் பழைய ஆட்டம் நடக்கிறது. இரண்டு கோலுக்கும் நடுவே ஏறக்குறைய 3 மைல் தூரம்!

பிறகு இந்த ஆட்டம் பெரிய வீட்டுப் பிள்ளைகள் படிக்கும் பள்ளிகளுக்குள் நுழைந்தது. ஈட்டனுக்கு ஒரு விதி, ஹாரோவுக்கு ஒரு விதி, ரக்பி என்ற ஊரில் இருந்த பள்ளிக்கு வேறு விதி. ரக்பி பள்ளியின் விதிகளை 1845-ல் முதலில் எழுதி வைத்தவர்கள் வாத்தியார்கள் இல்லை, மாணவர்களே. (1823-ல் வில்லியம் வெப் எல்லிஸ் என்ற மாணவன் திடீரென்று பந்தைக் கையில் எடுத்துக்கொண்டு ஓடியதால்தான் ரக்பி பிறந்தது என்ற கதைக்குச் சரியான ஆதாரம் கிடையாது. ஆனாலும் ரக்பி உலகக் கோப்பைக்கு அவன் பெயர்தான்.)

இந்தப் பசங்க எல்லாம் ஒரே காலேஜில் வந்து சேர்ந்தால் என்ன ஆகும்? யார் ஊர் விதிப்படி ஆடுவது என்றே பாதி நேரம் போய்விடும். அதைத் தீர்க்கத்தான் 1863 அக்டோபர் 26-ம் தேதி லண்டனில் ஃப்ரீமேசன்ஸ் டேவர்ன் என்ற விடுதியில் சில கிளப்காரர்கள் கூடி 'ஃபுட்பால் அசோசியேஷன்' ஆரம்பித்தார்கள். அங்கேயும் சண்டை. பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடலாமா, எதிராளியின் முழங்காலுக்குக் கீழே உதைக்கலாமா என்று. பிளாக்ஹீத் கிளப்பின் பிரதிநிதி, உதைப்பதை எடுத்துவிட்டால் ஆட்டத்தில் வீரமே போய்விடும், ஒரு வாரம் பழகின பிரெஞ்சுக்காரர்களே வந்து நம்மை ஜெயித்துவிடுவார்கள் என்கிற அளவுக்கு வாதாடிப் பார்த்தார். எடுபடவில்லை. பிளாக்ஹீத் வெளியேறியது. 1871-ல் அவர்கள் பக்கத்துக் கிளப்புகள் சேர்ந்து 'ரக்பி ஃபுட்பால் யூனியன்' தொடங்கின. தொடங்கியதும் செய்த வேலைகளில் ஒன்று, அந்தக் கால் உதையைத் தடை செய்தது!

இங்கேதான் பெயர் விஷயம் வருகிறது. ஒரே வகுப்பில் இரண்டு செந்தில் இருந்தால் என்ன செய்வார்கள்? கே. செந்தில், எஸ். செந்தில் என்று இனிஷியல் போட்டுக் கூப்பிடுவார்கள். அதே மாதிரி ஒன்று 'அசோசியேஷன் ஃபுட்பால்', இன்னொன்று 'ரக்பி ஃபுட்பால்' ஆனது. ஆக்ஸ்ஃபோர்டு மாணவர்களுக்கு எந்தச் சொல்லையும் வெட்டி, பின்னால் ஒரு 'அர்' ஒட்டுகிற பழக்கம் இருந்தது. ரக்பி 'ரக்கர்' ஆனது. அசோசியேஷன் என்ற சொல்லின் நடுவிலிருந்து 'சாக்' என்பதை உருவி, 'அர்' ஒட்டி, சாக்கர்!

அதாவது சாக்கர் என்பது வெறும் இனிஷியல். கேலியும் இல்லை, அமெரிக்கச் சதியும் இல்லை. மான்செஸ்டர் யுனைடெட்டின் மேனேஜராக இருந்த மேட் பஸ்பி 1973-ல் எழுதிய சுயசரிதையின் தலைப்பிலேயே 'சாக்கர்' இருக்கிறது. 1980-களுக்குப் பிறகுதான் பிரிட்டனில் அந்தச் சொல் மெல்ல மெல்ல வேண்டாத சொல்லானது.

அமெரிக்காவில் நடந்தது என்ன? 1869-ல் ரட்கர்ஸ், பிரின்ஸ்டன் கல்லூரிகள் மோதிய முதல் ஆட்டத்தில் பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடவே கூடாது. 1874-ல் கனடாவின் மெக்கில் மாணவர்கள் வந்து ஹார்வர்டுடன் ரக்பி மாதிரி ஆடிக் காட்டினார்கள். ஹார்வர்டுக்கு அது பிடித்துப்போனது. 1880-களில் வால்ட்டர் கேம்ப் விதிகளை மாற்றி மாற்றி அதைத் தனி ஆட்டமாகவே ஆக்கிவிட்டார். ஊர் முழுக்க அதுதான் 'ஃபுட்பால்' என்றான பிறகு மற்றதற்கு இனிஷியல் வேண்டியதாயிற்று. 1913-ல் 'யுனைடெட் ஸ்டேட்ஸ் ஃபுட்பால் அசோசியேஷன்' என்று தொடங்கிய அமைப்பு 1945-ல் சாக்கரைச் சேர்த்துக்கொண்டு, 1974-ல் ஃபுட்பாலைக் கைவிட்டது.

ஆஸ்திரேலியாக்காரர்களைத் திருடர்கள் என்று சொல்லவே முடியாது. மெல்போர்ன் கிளப் தன் விதிகளை எழுதியது 1859 மே மாதம். லண்டன் அசோசியேஷனுக்கு நாலு வருடம் மூத்தது! எழுதிய நால்வரில் ஒருவரான டாம் வில்ஸ், ரக்பி பள்ளியில் படித்தவர். 'சாக்கர்' அங்கே வேறு ஒரு சுமையையும் தூக்கியது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு வந்த இத்தாலியர்களும் கிரேக்கர்களும் குரோஷியர்களும் ஆடிய ஆட்டம் என்பதால், குடியேறிகளைத் திட்டும் வசைச்சொல்லையே சேர்த்து அதை 'வாக்பால்' என்று இளக்காரமாய்ச் சொன்னார்கள். 2005-ல் தேசிய அமைப்பு சாக்கரை நீக்கி ஃபுட்பால் என்று பெயரை மாற்றிக்கொண்டது. வந்தேறி ஆட்டம் இல்லை, இதுவும் இந்த ஊர் ஆட்டம்தான் என்று சொல்வதற்கு அதுவும் ஒரு வழி. (தேசிய அணி மட்டும் இன்னும் 'சாக்கரூஸ்'தான்!)

அயர்லாந்தில் பெயர் என்பது சுதந்திரப் பிரச்சினை. 1884-ல் தொடங்கிய கேலிக் விளையாட்டுச் சங்கம், தன் உறுப்பினர்கள் சாக்கர், ரக்பி போன்ற 'அந்நிய' ஆட்டங்களை ஆடவோ பார்க்கவோ கூடாது என்றது. 1938-ல் நாட்டின் ஜனாதிபதி டக்ளஸ் ஹைட் ஒரு சாக்கர் மேட்ச் பார்க்கப் போனதற்காக, சங்கத்தின் புரவலர் பதவியிலிருந்தே தூக்கிவிட்டார்கள்! இந்தக் கோபத்துக்குக் காரணம் உண்டு. 1920 நவம்பர் 21 அன்று டப்ளினின் க்ரோக் பார்க்கில் கேலிக் ஃபுட்பால் பார்க்க வந்த கூட்டத்தை நோக்கி பிரிட்டிஷ் படைகள் சுட்டதில் 14 பேர் செத்தார்கள். ஆடிக்கொண்டிருந்த மைக்கேல் ஹோகனும் அதில் ஒருவர். அந்தத் தடை 1971-ல்தான் நீங்கியது. க்ரோக் பார்க்கில் சாக்கரும் ரக்பியும் காலடி வைக்க 2007 ஆனது.

இங்கிலாந்துக்குள்ளேயே இன்னொரு பிளவு. வடக்கில் ரக்பி ஆடியவர்கள் பலர் மில் தொழிலாளிகள், சுரங்கத் தொழிலாளிகள். சனிக்கிழமை ஆடப் போனால் அரைநாள் கூலி போச்சு. அதை ஈடுகட்டக் கேட்டார்கள். பணத்துக்கு ஆடுவது கேவலம் என்று, பணத்துக்குக் குறையில்லாதவர்கள் மறுத்துவிட்டார்கள். 1895-ல் வடக்குக் கிளப்புகள் ஹடர்ஸ்ஃபீல்டில் கூடிப் பிரிந்தன. அதுதான் இன்றைய ரக்பி லீக். மறுத்த யூனியன் பணம் கொடுத்து ஆடவைக்க ஒத்துக்கொண்டது 1995-ல். சரியாக 100 வருடம்!

ஆக, எந்த ஊரிலும் யாரும் பெயரைத் திருடவில்லை. எல்லாமே ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள். வீட்டுப் பிள்ளையை யாரும் இனிஷியல் போட்டுக் கூப்பிடுவதில்லை, பக்கத்து வீட்டுப் பிள்ளைக்குத்தான் அது தேவை. சண்டை எல்லாம் எது நம் வீட்டுப் பிள்ளை என்பதில்தான்.

தமிழில் மட்டும் என்ன, ஒரே பெயரா? தமிழ்நாட்டில் கால்பந்து. சிங்கப்பூர், மலேசியாவில் காற்பந்து. இலங்கையில் உதைபந்தாட்டம். மூன்று பேரும் உட்கார்ந்து பார்ப்பது ஒரே மேட்ச். இதற்காக யாரும் யாரையும் திட்டிக்கொண்டதாகத் தெரியவில்லை.