தேரூர் குளக்கரையில் ஒரு கேள்வி

“வீட்டுத் தொட்டியில் கிரேஃபிஷ் பெருகிவிட்டது. ஊர்க்குளத்தில் விடலாமா?” என்று நாஞ்சில் நாட்டு வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். பதிலுக்காக அந்தப் பக்கமே ஒரு நடை போய் வந்தோம்.

நாகர்கோவிலில் ஒரு அலங்கார மீன் கடை. ‘ரெட்க்ளா’ என்ற வகையைப் பார்த்தோம். நீலம் பாய்ந்த உடம்பு, வளர்ந்த ஆணின் கிடுக்கி ஓரத்தில் சிவப்புத் திட்டு. இதன் பூர்வீகம் வட ஆஸ்திரேலியாவும் பப்புவா நியூகினியும். அங்கே ஆற்றில் மட்கிய இலைதழை, புழு பூச்சி தின்று வாழும். ஆஸ்திரேலியாவில் பண்ணைக் குளங்களிலும் வளர்க்கிறார்கள்.

அடுத்து, 2022-ல் ராம்சார் பட்டியலில் சேர்ந்த சுசீந்திரம் தேரூர் குளங்கள். தாமரையும் நாரையுமாக நிறைந்த தண்ணீர்; மடை திறந்தால் வயலுக்குப் பாயும்.

கடைசியாக மணக்குடி. பழையாறு கடலில் சேரும் இடம். நம் ஆற்றுக் கொஞ்சின் குஞ்சுகள் பிழைக்க இதுபோன்ற உப்புக் கலந்த தண்ணீர் வேண்டும். ரெட்க்ளாவுக்கு அது தேவையில்லை. தாயின் வயிற்றடியிலேயே முட்டை பொரிந்து, பெரியதின் சாயலிலேயே குஞ்சு இறங்கும். குளத்திலேயே தலைமுறை தலைமுறையாகப் பெருகும். ஆப்பிரிக்காவின் கரிபா ஏரியில் இப்படிப் பெருகியது, வலையில் விழுந்த மீனையும் கடித்துக் குதறுகிறது.

ஆகவே பதில்: விடவே கூடாது. ஏறித் தப்பும் பிராணி. தொட்டிக்கு மூடி போடுங்கள். மிஞ்சியதைக் கடையிலேயே திருப்பிக் கொடுங்கள். பண்ணை வைக்கும் எண்ணமிருந்தால், முதலில் மீன்வளத் துறையிடம் அனுமதி பற்றிக் கேளுங்கள். குளத்தில் விட ஒரு நிமிடம் போதும். திரும்பப் பிடிக்க ஆயுசு போதாது.